பிடிபட்ட எக்ஸ்எல் வண்டியை மீட்டுத் தந்த இலவச சட்ட உதவி மையம்

அம்மா காசிமேட்டில் விடியற்காலையில் மீன் எடுத்து வியாசர்பாடியில் தெருத்தெருவாக விற்கிறவர். அவருக்கு டிவிஎஸ் எக்ஸ்எல் இல்லாவிட்டால் பிழைப்பே இல்லை. போன காந்தி ஜெயந்தி அன்று சித்தி பையன் வந்து, "அவசரம் பெரியம்மா, ஒரு மணி நேரத்துல வந்துடறேன்" என்று சாவியை வாங்கிப் போனான். டாஸ்மாக் மூடியிருக்கும் நாள். முந்தின நாளே வாங்கி வைத்திருந்த குவார்ட்டர் பாட்டில்களை, அம்மா கூடை மாட்டுகிற அதே கொக்கியில் பையோடு தொங்கவிட்டு பிளாக்கில் விற்கப் போய் மாட்டிக்கொண்டான். அவன் ஜாமீனில் வந்துவிட்டான், வண்டி வரவில்லை.

ஸ்டேஷனுக்குப் போனால் கோர்ட்டில் கேளுங்கள் என்றார்கள். கோர்ட் வாசலில் ஒருவர் வண்டியை மீட்டுத் தர 15,000 ரூபாய் கேட்டார், அந்த எக்ஸ்எல்லை இன்று விற்றாலே அவ்வளவு வருமா என்பது சந்தேகம். இதற்கு நடுவில் அம்மா தினமும் ஆட்டோவுக்கு 200 ரூபாய் கொடுத்துக்கொண்டிருந்தார். மீன் கூடையைப் பார்த்ததும் நிற்காமல் போகிற ஆட்டோதான் பாதி.

அப்புறம்தான் 15100 என்ற எண்ணுக்கு போன் செய்து, கோர்ட் வளாகத்திலேயே இருக்கும் இலவச சட்ட உதவி மையத்துக்குப் போனோம். பெண்களுக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இங்கே வக்கீல் கொடுக்க வேண்டும், 1987-ஆம் வருஷத்து சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தில் அப்படி இருக்கிறது. எனக்கு இது முன்னாடியே தெரிந்திருந்தால் மூன்று வாரம் வீணாகியிருக்காது.

எங்களுக்குக் கொடுத்த வக்கீல் மேடம் கேட்ட முதல் கேள்வி, "ஆர்சி யார் பேர்ல இருக்கும்மா?" என்பதுதான். அம்மா பெயரில் இருந்தது, அதனால் பிழைத்தோம். எங்களுக்கு முன்னால் உட்கார்ந்திருந்த அண்ணன் செகண்ட் ஹேண்டில் வாங்கி ஆறு வருஷமாகப் பெயர் மாற்றாமல் ஓட்டியவர். பழைய ஓனரைத் தேடிப் பிடித்துக் கூட்டி வரச் சொல்லி அனுப்பினார்கள். அவர் முகத்தைப் பார்க்கவே பாவமாக இருந்தது.

மேடம் பொறுமையாகச் சொன்னதை எழுதுகிறேன், யாருக்காவது உதவும். தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம் 1937-இன்படி சரக்கு கடத்திய வண்டியை அரசே எடுத்துக்கொள்ள வழி இருக்கிறது. அதற்காக நோட்டீஸ் வந்தால் பயந்து மூலையில் வைத்துவிடாமல், எனக்குத் தெரியாமல் நடந்தது என்று ஓனர் கட்டாயம் பதில் கொடுக்க வேண்டும். வழக்கு முடியும்வரை வண்டியை இடைக்காலமாகக் கேட்பது தனி மனு. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 451-வது பிரிவு, 2024 ஜூலையிலிருந்து அதற்குப் பதிலாக வந்த புதுச் சட்டத்தில் (பிஎன்எஸ்எஸ்) 497. பிடித்த வண்டிகளை ஸ்டேஷனில் நெடுநாள் போட்டு வைப்பதில் பிரயோஜனம் இல்லை, பத்திரமும் ஜாமீனும் வாங்கிக்கொண்டு கொடுத்துவிடலாம் என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2002-லேயே சொல்லியிருப்பதை மனுவிலும் எழுதினார், வாதத்திலும் சொன்னார்.

இரண்டாவது வாய்தாவில் ஆர்டர் கிடைத்தது. ஒரிஜினல் ஆர்சியைக் கோர்ட்டில் ஒப்படைக்க வேண்டும், வண்டியை நாலு பக்கமும் போட்டோ எடுத்துக் கொடுக்க வேண்டும், விற்கக்கூடாது, பெயின்ட் மாற்றக்கூடாது, கூப்பிட்டால் கொண்டு வந்து நிறுத்த வேண்டும், ஜாமீன்தாரர் ஒருவர் வேண்டும். வாசலில் காசுக்குக் கையெழுத்து போடுகிறேன் என்று ஆட்கள் வருவார்கள், அந்தப் பக்கமே போகாதீர்கள் என்று மேடம் கண்டிப்பாகச் சொன்னார். பக்கத்து வீட்டு மாமாதான் ஒரு நாள் வேலையை விட்டுவிட்டு வந்து நின்றார்.

மையத்தின் மேல் குறையே இல்லையா என்றால், இருக்கிறது. காலை பதினொன்றுக்கு மேல் போனால் உட்கார இடம் கிடையாது, போன் செய்தால் எடுக்க ஆள் இல்லை, எங்கள் ஃபைல் எந்த மேஜையில் இருக்கிறது என்று தெரியாமல் ஒரு நாள் முழுக்க அலைந்தோம். ஆனால் வக்கீலோ மையத்து ஆட்களோ ஒரு ரூபாய் கேட்கவில்லை. ஜெராக்ஸ், போட்டோ எல்லாம் சேர்த்து 400 ரூபாய்க்குள் எங்களுக்கு முடிந்தது. அம்மாவை உட்கார வைத்து, அவருக்குப் புரிகிற மாதிரி பேசினார்களே, அதற்காகவே ஐந்துக்கு நான்கு கொடுப்பேன்.

வண்டியைப் பார்த்தபோதுதான் எனக்கு நெஞ்சு அடைத்தது. ஐம்பது நாள் மழையிலும் உப்புக்காற்றிலும் வெட்டவெளியில் கிடந்திருக்கிறது. ஹெட்லைட்டின் மேல் வெள்ளை பெயின்டில் குற்ற எண், ஒரு பக்கக் கண்ணாடி இல்லை, செயின் துருவேறி இறுகிப் போயிருந்தது, சீட்டை அழுத்தினால் தண்ணீர் வந்தது. அம்மா எதுவும் சொல்லாமல் முந்தானையால் கொக்கியைத் துடைத்தார். மெக்கானிக்குக் கொடுத்தது 2,800. மூன்று வாரம் முன்னாலேயே மனு போட்டிருந்தால் இதில் பாதி மிச்சமாகியிருக்கும். வண்டி பிடிபட்டால் மறுநாளே ஆர்சி, இன்ஷூரன்ஸ், ஆதார், எஃப்ஐஆர் நகல் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு மையத்துக்குப் போய்விடுங்கள். பத்தரைக்கு முன்னால் போனால் அன்றைக்கே மேடத்தைப் பார்க்கலாம்.