32 ஜிபி டேப்பில் வாடகை கொடுக்காமல் குடியிருக்கும் கேம்கள்

தங்கை வீட்டுக்காரர் போன வாரம் போனில் கேட்டார்: “மச்சான், நீங்க வச்சிருக்கிற அதே டேப் இப்ப விலை குறைஞ்சிருக்கு. பையனுக்கு வாங்கிடட்டுமா?” கேட்ட நேரம் சரியில்லை. சார்ஜிங் பின் மாற்றக் கொடுத்திருந்த டேப் அன்றைக்குத்தான் சர்வீஸ் சென்டரிலிருந்து வீட்டுக்கு வந்திருந்தது. பின்னை ஒழுங்காகத்தான் மாற்றியிருந்தார்கள். கூடவே ரீசெட்டும் போட்டுவிட்டார்கள். திறந்து பார்த்தால், வாங்கிய புதிதில் ஒவ்வொன்றாகத் தேடி அழித்தும் முடக்கியும் வைத்த கேம்கள் அத்தனையும் திரும்ப வந்து உட்கார்ந்திருக்கின்றன. மிட்டாய் உடைப்பது, பலூன் சுடுவது, சீட்டுக்கட்டு, பிறகு என்ன செய்வதென்றே புரியாத ஒன்று. அந்தக் கடுப்பு இன்னும் அடங்கவில்லை. படிக்கிறவர்கள் அதையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள்.

முதலில் நியாயமாகச் சொல்லவேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். திரை நன்றாக இருக்கிறது. பேட்டரி இன்றைக்கும் ஒரு நாள் தாங்குகிறது. பையன் கையிலிருந்து எத்தனையோ தடவை விழுந்தும் ஒரு கீறலோடு தப்பித்திருக்கிறது. ஆன்லைன் வகுப்புக் காலத்தில் வாங்கியது. தமிழ்நாடு பாடநூல் கழகத்தின் பிடிஎஃப் புத்தகங்களைப் பெரிதாக்கிப் படிக்கவும், 2018இலிருந்து வந்த புதிய பாடநூல்களில் உள்ள க்யூஆர் கோடை ஸ்கேன் செய்து பாட வீடியோ பார்க்கவும் இதைவிட வசதியான பொருள் எங்கள் வீட்டில் இல்லை. மற்ற விவரமெல்லாம் பெட்டி மேலேயே அச்சிட்டிருக்கிறது, அதைத் திரும்ப எழுதப்போவதில்லை. குறை ஒன்றே ஒன்றுதான். ஆனால் தினமும் கண்ணில் படுகிற குறை. இடம்.

பெட்டியில் 32 ஜிபி. செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பக்கத்தைத் திறந்தால் ‘சிஸ்டம்’ என்ற தலைப்பில் மட்டும் 13 ஜிபி காட்டுகிறது. அது முழுக்க ஆண்ட்ராய்டு என்று நினைத்துக்கொள்ள வேண்டாம். தயாரிப்பாளர் பூட்டி வைத்திருக்கும் பகுதி, அவர்கள் ஏற்றி அனுப்பிய செயலிகள், வேறெந்தத் தலைப்பிலும் சேராத மிச்சசொச்சம் எல்லாவற்றையும் அந்த ஒரே கணக்கில் கொட்டிவிடுகிறார்கள். நமக்கு நிற்பது 19. வாட்ஸ்அப், யூடியூப், பள்ளி கேட்கிற செயலிகள், அவற்றுக்கு வாராவாரம் வரும் அப்டேட், நாலு கல்யாண வீடியோ. கேம் என்று ஒன்றைத் தொடுவதற்கு முன்பே பாதி தீர்ந்துவிடும்.

இதில் அவர்களாக ஏற்றி அனுப்பிய கேம்கள் இரண்டு ரகம். ஒரு ரகத்தை நீண்ட நேரம் அழுத்தினால் ‘நிறுவல் நீக்கு’ என்று வரும். அழித்தால் போய்விடும், ரீசெட் போட்டால் திரும்ப வரும். இன்னொரு ரகத்தில் அந்த இடத்தில் ‘முடக்கு’ என்று மட்டும்தான் இருக்கும். என் ரத்த அழுத்தத்தை ஏற்றுவது இந்த இரண்டாவது ரகம். காசு கொடுத்து வாங்கிய சாமானில் எனக்கு வேண்டாத பலூன் கேமை அழிக்க எனக்கு அனுமதி இல்லை.

சரி, முடக்கினால் இடம் கிடைக்குமா? இங்கேதான் பலருக்குக் கணக்கு இடிக்கிறது. அந்த கேமின் மூலப்பிரதி இருப்பது எழுதவோ அழிக்கவோ முடியாத சிஸ்டம் பகுதியில். முடக்கினாலும் அது அங்கேயேதான் இருக்கும். ஆனால் கேமுக்கு அப்டேட் வரும்போது புதுப் பிரதி நம்முடைய 19 ஜிபிக்குள் வந்து உட்காரும். ஒரே கேம், பழையது அவர்கள் பக்கம், புதியது நம் பக்கம். முடக்கும்போது ‘அப்டேட்டை நீக்கவா’ என்று கேட்கும், ஆமாம் என்றால் நம் பக்கத்துப் பிரதியும் தரவும் போகும். கிடைப்பது அவ்வளவுதான். முடக்கியதற்கு ப்ளே ஸ்டோர் மறுபடி அப்டேட் ஏற்றாது என்பது ஒரு லாபம்.

கம்ப்யூட்டரில் கேபிள் மாட்டி, டெவலப்பர் ஆப்ஷனில் யூஎஸ்பி டீபக்கிங்கைத் திறந்து, கட்டளை கொடுத்தால் இதையும் தூக்கிவிடலாம் என்று ஆபீஸில் ஒரு தம்பி சொல்லிச் செய்தும் காட்டினான். ஐகான் நிஜமாகவே காணாமல் போனது. கண்ணுக்கு நிம்மதி. ஆனால் அந்தக் கட்டளை செய்வது நம் கணக்கிலிருந்து அந்தச் செயலியை விலக்குவது மட்டுமே, சிஸ்டம் பகுதியில் பிரதி அப்படியே இருக்கிறது. அந்தப் பகுதியில் இடம் காலியானாலும் நம் 19 ஜிபி 20 ஆகாது, இரண்டுக்கும் நடுவில் எல்லை போட்டுத்தான் விற்கிறார்கள். அதனால் நேர்மையாகப் பார்த்தால், அந்தப் பலூன் கேம் ஒன்றுதான் என் இடத்தைத் தின்றது என்று சொல்லமுடியாது. இது எனக்குத் தெரியும். தெரிந்தும் ஆத்திரம் குறையவில்லை.

அதைவிட மோசம் முகப்புத் திரையில் இருக்கும் ‘கேம்ஸ்’ ஃபோல்டர். திறந்தால் மேலே இருக்கும் கேம்கள் போதாதென்று கீழே ‘உங்களுக்காக’ என்று இன்னொரு வரிசை ஓடும். அவை டேப்பில் இல்லாத கேம்கள். பிள்ளை விரல் பட்டால் தயாரிப்பாளரின் சொந்தக் கடையிலிருந்து இறங்க ஆரம்பித்துவிடும், பாஸ்வேர்டு கூடக் கேட்காது. இதை நிறுத்த ஒரு சுவிட்ச் இருக்கிறது. எங்கே தெரியுமா? செட்டிங்ஸில் இல்லை. ஃபோல்டரின் பெயரை மாற்றுவதற்காகப் பெயர் மேல் தொட்டால், விசைப்பலகைக்கு மேலே பொடி எழுத்தில் ‘பரிந்துரைகளைக் காட்டு’ என்று ஒரு வரி வரும். ஃபோல்டருக்குப் பெயர் மாற்றும் ஆசை வராதவர்களுக்கு அது கடைசிவரை தெரியப்போவதில்லை. அதற்காகவே அங்கே வைத்திருக்கிறார்கள் என்பது என் அபிப்பிராயம்.

இனி, ரீசெட்டுக்கு முன்பு பையன் ஏற்றி வைத்திருந்தவை. உண்மையில் இடத்தைத் தின்பது இவைதான். ப்ளே ஸ்டோர் காட்டும் அளவு முதல் இறக்கத்துக்கானது. 110 எம்பி என்று நினைத்து ஏற்றுவோம். முதல் தடவை திறந்ததும் ‘கூடுதல் கோப்புகள் இறங்குகின்றன’ என்று ஒரு பட்டை நகரும். அதன் பிறகு அந்த கேமின் ஸ்டோரேஜ் பக்கத்தைப் பாருங்கள்: செயலி 110 எம்பி, தரவு 1.9 ஜிபி, தற்காலிகச் சேமிப்பு 40 எம்பி. எல்லாரும் சொல்கிற ‘கேஷ் க்ளியர் பண்ணு’ வைத்தியத்தில் இந்த 40 மட்டும்தான் போகும், அதுவும் நாளைக்கே திரும்ப வந்துவிடும்.

அழிப்பதற்குச் சுலபமான வழி ப்ளே ஸ்டோருக்குள்ளேயே இருக்கிறது. மேலே நம் படத்தைத் தொட்டு, செயலிகளை நிர்வகிக்கும் பக்கத்துக்குப் போய், அளவு வாரியாக வரிசைப்படுத்தி, வேண்டாதவற்றுக்கு டிக் போட்டு, குப்பைத்தொட்டியைத் தொட்டால் மொத்தமாகப் போகும். ஒவ்வொரு ஐகானாக அழுத்திக்கொண்டிருக்க வேண்டாம். அதற்கு முன் இரண்டு விஷயம் பார்த்துக்கொள்ளுங்கள். கேமில் ‘கெஸ்ட்’ ஆக ஆடியிருந்தால் பையன் தாண்டிய லெவலெல்லாம் அதோடு போச்சு, கூகுள் கணக்கோடு இணைத்துவிட்டு அழியுங்கள், இல்லையென்றால் அழுகைச் சத்தத்துக்கு நான் பொறுப்பில்லை. இன்னொன்று, சந்தா கட்டிய கேமை அழித்தால் சந்தா நின்றுவிடாது. ப்ளே ஸ்டோரில் சந்தாக்கள் பகுதிக்குப் போய்த் தனியாக ரத்து செய்யவேண்டும்.

2023இல் ப்ளே ஸ்டோரில் வந்த தானியங்கி ‘ஆர்க்கைவ்’ வசதி இந்தச் சண்டையில் பெரிய சமாதானம். இடம் பற்றாதபோது அதிகம் திறக்காத செயலியின் உடலை எடுத்துவிட்டு, ஐகானையும் தரவையும் வைத்துக்கொள்கிறது. ஐகான் மேல் ஒரு மேகக்குறி நிற்கும், தொட்டால் மறுபடி இறங்கும். ‘என் கேமை அழிச்சிட்டியா’ என்று கேட்கும் பிள்ளைக்கு ஐகானைக் காட்டிச் சமாளிக்கலாம். ஆனால் மேலே சொன்ன 1.9 ஜிபி ‘தரவு’ கணக்கில் இருப்பதால் அது அசையாது. பெரிய கேமுக்கு ஆர்க்கைவ் போதாது, முழுசாக அழித்தால்தான் உண்டு.

அழித்த பிறகும் இடம் வரவில்லையே என்று தேடியபோது கிடைத்தது இது. பையனுக்குப் பிடித்தது பஸ் சிமுலேட்டர் இந்தோனேசியா. இந்தோனேசியாவின் மாலியோ நிறுவனம் 2017இல் விட்ட கேம், அதை நம்மூர்ப் பையன்கள் தத்தெடுத்துக்கொண்டார்கள். நம்மூர் பஸ்களின் வண்ணத்தில் ‘ஸ்கின்’, பஸ்ஸே தனியாக ‘மாட்’ என்று யார் யாரோ செய்து போடுகிறார்கள். ஈரோட்டில் தனியார் பஸ் ஹாரன் கேட்டு வளர்கிற பையனுக்கு வேறென்ன வேண்டும். கேமை அழித்தாலும், பிரவுசரில் இறக்கிய இந்தக் கோப்புகள் ‘டவுன்லோட்’ ஃபோல்டரில் அப்படியே இருந்தன. ஒரே பஸ் மூன்று தடவை, பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறியில் 1, 2 என்று. நடுவில் ஹாரன் சத்தம் மட்டும் தனியாகச் சில ஆடியோ கோப்புகள். ஒவ்வொன்றாகத் திறந்து கேட்டுவிட்டுத்தான் அழித்தேன். தாராபுரம் ரோட்டில் போகிற ஒரு வண்டியின் ஹாரன் அச்சு அசலாக இருந்தது, அதை மட்டும் என் போனுக்கு மாற்றிக்கொண்டேன். அந்த கேமையும் திரும்ப ஏற்றிக் கொடுத்துவிட்டேன். அது கேட்கிற இடத்துக்கு நியாயம் இருக்கிறது.

இவ்வளவும் செய்து 7 ஜிபி போல மீண்டதும் டேப்பின் குணமே மாறிப்போனது. நான் இதை எதிர்பார்க்கவில்லை. தட்டினால் விசைப்பலகை வரத் தாமதிக்கும், செயலி மாறினால் திரை வெளுத்து நிற்கும், இதெல்லாம் வயதான டேப்பின் நோய் என்று நினைத்திருந்தேன். விலை குறைந்த டேப்களில் இருக்கும் இஎம்எம்சி சேமிப்பில் ஏற்கெனவே எழுதிய இடத்தில் நேரடியாக மேலெழுத முடியாது, ஒரு பெரிய துண்டை மொத்தமாக அழித்துவிட்டுத்தான் எழுதமுடியும். காலித் துண்டு கைவசம் இல்லாதபோது சின்னதாக எதைப் பதிந்தாலும் உள்ளே சாமான் மாற்றி வைக்கும் வேலை நடக்கும். நிரம்பி வழிகிற டேப் மந்தமாவது இதனால்தான். இப்போது விசைப்பலகை தட்டியதும் வருகிறது. புது டேப் தேவையில்லை என்று வீட்டில் முடிவானதற்குக் காரணமே இதுதான்.

மெமரி கார்டு போட்டுக்கொள்ளலாமே என்பார்கள். படம், பாட்டு, பிடிஎஃப் எல்லாம் கார்டில்தான் வைத்திருக்கிறேன். கேம் போகாது. கார்டை உள் சேமிப்போடு சேர்த்துக்கொள்ளும் வசதி 2015இல் ஆண்ட்ராய்டு 6உடன் வந்தது, ஆனால் பல தயாரிப்பாளர்கள் அதை அடைத்து வைத்திருக்கிறார்கள். என் டேப்பிலும் அப்படித்தான்.

அழிக்கும் உரிமை நம்மூரில் பேசப்படாத விஷயமில்லை. 2022 அக்டோபரில் இந்தியப் போட்டி ஆணையம் கூகுளுக்கு 1,337.76 கோடி ரூபாய் அபராதம் போட்டபோது, முன்பே ஏற்றி வரும் கூகுள் செயலிகளைப் பயனர் நீக்குவதைத் தடுக்கக்கூடாது என்றும் உத்தரவிட்டது. 2023 மார்ச்சில் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அபராதத்தை உறுதிசெய்தது, ஆனால் நீக்குவது பற்றிய அந்த உத்தரவை ரத்து செய்துவிட்டது. டேப் தயாரிப்பாளர் திணிக்கிற பலூன் கேம் அந்த வழக்கிலேயே இல்லை. யார் போய் அதற்குக் கேஸ் போடப்போகிறார்கள்.

ஆக, திரை, பேட்டரி, உழைப்பு எல்லாவற்றுக்கும் மார்க் போட்டால் இந்த டேப் தாராளமாகப் பாஸ். ஆனாலும் 32 ஜிபியை வாங்கவேண்டாம் என்றுதான் பதில் சொன்னேன். 64 ஜிபி மாடல் கிடைத்தால் மட்டும் பாருங்கள். அதிலும் சிஸ்டம் எடுத்துக்கொள்வது ஏறக்குறைய அதே 13தான் என்று வைத்தால் நமக்கு 51 போல நிற்கும், 19க்கு அது இரண்டரை மடங்குக்கும் மேல். விலை வித்தியாசம் இரண்டாயிரத்துக்குள் என்றால் யோசிக்கவே வேண்டாம். 32ஐப் பாதி விலைக்குக் கொடுத்தாலும் இன்றைய மனநிலையில் என் வாயிலிருந்து ‘வாங்கு’ என்று வராது. அடுத்த மாதம் கேட்டால் மாற்றிச் சொன்னாலும் சொல்வேன்.