மெரினா வான் சாகசம்: வானத்துக்கு ஐந்து, தரைக்கு ஒன்றரை

இந்திய விமானப்படையின் ஆண்டு விழா வான் சாகசம், 2022 முதல் சண்டிகர், பிரயாக்ராஜ் என்று ஊர் மாறி நடந்து, படையின் 92ஆம் ஆண்டையொட்டி 2024 அக்டோபர் 6, ஞாயிற்றுக்கிழமையன்று சென்னை மெரினாவுக்கு வந்தது. காரைக்குடியிலிருந்து நானும் என் மைத்துனரும் என் ஒன்பது வயது மகனும் போய்வந்தோம். நிகழ்ச்சி முற்பகல் 11 மணிக்கு என்பதால், அன்று காலை பல்லவன் ரயிலைப் பிடித்தால் பயனில்லை. முதல் நாளே அதே வண்டியில் போய் உறவினர் வீட்டில் தங்கினோம். இலவசமாகக் காட்டியதற்கு ஐந்துக்கு இத்தனை என்று மதிப்பெண் போடலாமா என்று கேட்பவர்களுக்கு ஒரு சொல்: மூன்று பேரின் ரயில் கட்டணமும் இரண்டு நாள் கடை அடைப்பும் எங்கள் பேரேட்டில் பற்றுதான்.

காலை எட்டு மணிக்கே மணலில் இடம் பிடித்துவிட்டோம். நிழல் என்று சொல்ல எதுவும் இல்லை. அப்பத்தா சீப்புச் சீடையும் மணகோலமும் போட்டுக் கொடுத்த பனையோலைக் கொட்டான் பத்து மணிக்குள் காலியாகி, கவிழ்ந்து, மகனுக்குத் தொப்பியாயிற்று. அக்கம்பக்கத்தில் செய்தித்தாளையும் துண்டையும் தலையில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தவர்களில் ஓர் அம்மா, அதை எந்தக் கடையில் வாங்கினீர்கள் என்று கேட்டே விட்டார்.

பதினொரு மணிக்குப் பின் நடந்ததைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. மொத்தம் 72 விமானங்கள். விமானப்படையின் சிறப்புப் படையான கருடா கமாண்டோக்களின் மீட்பு ஒத்திகை கரையோரமாக நடந்ததால் பின்வரிசையில் இருந்த எங்களுக்கு முன்னால் நின்றவர்களின் முதுகுதான் தெரிந்தது. ஆனால் வானத்துக்கு முன்வரிசை, பின்வரிசை கிடையாது. ரஃபேல் வந்தபோது, இரைச்சல் கேட்ட பக்கம் கூட்டம் முழுவதும் திரும்ப, அங்கே வெறும் ஆகாயம் இருந்தது. ஒரு கிலோமீட்டர் தொலைவிலிருந்து ஓசை நம் காதுக்கு வர ஏறக்குறைய மூன்று வினாடி ஆகிறது. மணிக்கு 900 கிலோமீட்டர் வேகத்தில் போகும் விமானம் அதற்குள் முக்கால் கிலோமீட்டர் தாண்டிவிடும். இதை மைத்துனர் ஒரு முறை சொன்னதுமே மகன் பிடித்துக்கொண்டான். அதற்குப் பிறகு அவன் ஓசைக்கு முன்னால் பார்த்தான், நான் அவன் விரல் காட்டிய இடத்தைப் பார்த்தேன்.

தேஜஸும் சாரங் ஹெலிகாப்டர்களும் சூலூரைத் தளமாகக் கொண்டவை; சுகோய் அணி ஒன்று 2020 முதல் தஞ்சாவூரில் இருக்கிறது. ஆகவே இந்த விழாவில் பாதி நம் பக்கத்துச் சரக்கு என்று சொல்லிக்கொள்ளலாம். சுகோயின் எஞ்சின் முனை திரும்பக்கூடியது என்பதால், அவ்வளவு பெரிய உடம்பை அது மடக்கித் திருப்பும் விதம் மற்றப் போர் விமானங்களின் திருப்பத்தைப் போல இல்லை. சூரியகிரண் அணியின் ஒன்பது ஹாக் விமானங்கள் சில மீட்டர் இடைவெளியில் இறக்கையோடு இறக்கை சேர்ந்து வந்தன. அப்படி வரும்போது நடுவில் இருப்பவருக்குத் தவறு செய்ய இடமே இல்லை. கைதட்டல் அதிகம் வாங்கியது அவைதாம்.

எனக்குப் பிடித்தது என்னவோ டகோட்டா என்ற பழைய காலத்து விமானம். சூறாவளிக்கு நடுவே மாட்டு வண்டி போவதுபோல, இரண்டு விசிறிகளைச் சுழற்றிக்கொண்டு நிதானமாகக் கடந்து போயிற்று. 1947 அக்டோபர் 27 அன்று ஸ்ரீநகரில் நம் படைவீரர்களைக் கொண்டுபோய் இறக்கியவை இந்த வகை விமானங்களே. எங்கள் ஐயா, இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் செட்டிநாட்டில் போட்ட ஓடுபாதையைச் சிறுவனாக இருந்தபோது வேலி ஓரமாக நின்று பார்த்தவர். ஊர் திரும்பியதும் ரஃபேலைப் பற்றி அவர் ஒரு வார்த்தைகூடக் கேட்கவில்லை, "விசிறி வச்ச பிளேன் வந்துச்சா?" என்பதுதான் அவருடைய முதல் கேள்வி.

இனித் தரைக்கு வருகிறேன். ஒன்றரை மதிப்பெண்ணுக்குக் காரணம் இங்கேதான் இருக்கிறது. வினாடி பிசகாமல் வானத்தில் விமானங்களைக் கொண்டுவந்த கணக்கில் ஒரு பங்குகூடக் கீழே தென்படவில்லை. கூட்டம் சுமார் 15 லட்சம் என்று செய்திகள் கூறின. அது காலை ஆறு மணியிலிருந்து ஐந்து மணி நேரமாகச் சிறுகச் சிறுக வந்த கூட்டம். கலைந்ததோ ஒரு மணிக்கு, ஒரே நேரத்தில். எங்கள் ஊர்க் கல்யாண வீட்டில் பந்திக்கு ஆளை உட்கார வைப்பவர் ஒருவர் என்றால், எழுந்தவர்கள் கை கழுவி வெளியேற வழிவிடுபவர் இன்னொருவர். அந்த இரண்டாமவர் இல்லாத கல்யாணத்தில் சாப்பாடு எவ்வளவு நன்றாக இருந்தாலும் வந்தவர்கள் முகம் சுளித்துக்கொண்டுதான் போவார்கள். தைப்பூசத்துக்குப் பழனிக்கு நடக்கும் நம்மவர்களுக்கு வழியெல்லாம் நீர்மோரும் தண்ணீரும் கிடைத்துவிடும். மெரினாவில் பன்னிரண்டு மணிக்கு மேல் எங்களுக்கு ஒரு குப்பி தண்ணீர் காசு கொடுத்தும் கிடைக்கவில்லை. அருகிலிருந்த ரயில் நிலையத்தின் படிக்கட்டில் ஏறவும் முடியாமல் இறங்கவும் முடியாமல் முக்கால் மணி நேரம் நின்றோம். மகனைத் தோளில் தூக்கிக்கொண்ட மைத்துனர், இனி ரயில் வேண்டாம் என்று கூட்டத்திலிருந்து எங்களைப் பிரித்துக் கூட்டிப்போனார். உறவினர் வீடு போய்ச் சேர மாலை ஐந்தரை ஆகிவிட்டது.

எங்களுக்கு நேர்ந்தது அலைச்சல் மட்டும்தான். அன்று அங்கே வந்தவர்களில் ஐந்து பேர் உயிரிழந்தார்கள், வெயிலின் தாக்கமே காரணம் என்று அன்றிரவு செய்தியில் பார்த்தபோது, மகனுக்குத் தெரியாமல் தொலைக்காட்சியை நிறுத்தினேன். தரைக்கு ஒன்றரை மதிப்பெண் என்பதே தாராளம் என்று அப்போது பட்டது.

இப்படியொரு நிகழ்ச்சிக்கு இனிப் போக நினைப்பவர்கள் முதியவர்களையும் கைக்குழந்தைகளையும் அழைத்துச் செல்லாமல் இருப்பது நல்லது. ஆளுக்கு இரண்டு லிட்டர் தண்ணீரும் தலைக்கு மறைப்பும் வீட்டிலிருந்தே கொண்டுபோக வேண்டும். கடைசி விமானம் போனதும் எழுந்துவிடாமல், கடற்கரையை விட்டுச் சற்றுத் தள்ளி நிழல் கண்ட இடத்தில் இரண்டு மணி நேரம் உட்கார்ந்துவிட்டு நிலையத்துக்குப் போனால், நாங்கள் படிக்கட்டில் நின்ற நேரம் மிச்சம்.