சோர்ஸிலிருந்து கட்டிய டார்க்டேபிள்: எதற்கு உதவும், எதற்கு உதவாது

வேலூர், காட்பாடி, குடியாத்தம் பக்கம் கல்யாண வேலை எடுக்கும் ஸ்டுடியோக்களுக்கு, லினக்ஸில் ரா படங்களை (கேமரா சென்ஸர் பதித்தபடியே இருக்கும் மூலக் கோப்புகளை) கழுவ இலவசமாகக் கிடைப்பவற்றில் டார்க்டேபிளைத்தான் முதலில் சொல்வேன். சிக்கல் மென்பொருளில் இல்லை, அதன் வயதில் இருக்கிறது. லினக்ஸ் வகைகளில் ஒன்றான உபுண்டு 24.04-இன் களஞ்சியத்தில் (மென்பொருள்களை இறக்கும் கிடங்கில்) இருப்பது 4.6.1. 22.04-இல் இன்னும் பழைய 3.8. டார்க்டேபிள் குழுவோ ஆண்டுக்கு இருமுறை, கோடையிலும் கிறிஸ்துமஸ் வாக்கிலும், புதுப் பதிப்பு விடுகிறது. புதிதாக வந்த கேமராவின் ரா கோப்பைப் பழைய பதிப்பில் திறந்தால் படத்துக்குப் பதில் மண்டை ஓடு தெரியும். சோர்ஸிலிருந்து கட்டுவதற்கு, அதாவது மூல நிரலை நாமே கம்பைல் செய்து மென்பொருளாக்குவதற்கு, நியாயமான காரணம் அதுதான்.

வேகம் கூடும் என்று நினைத்துக் கட்ட வேண்டாம். டார்க்டேபிளின் கனமான கணக்குகள் பலவும் பல பிராசஸர் வகைகளுக்குத் தனித்தனியாகக் கம்பைல் ஆகி, ஓடும்போது உங்கள் சிப்புக்கு ஏற்றதை எடுத்துக்கொள்ளும். அந்த வசதி சாதாரண பேக்கேஜிலும் உண்டு. புதுப் பதிப்பு மட்டும் போதும் என்பவருக்கு, குழுவே வெளியிடும் ஆப்இமேஜ் கோப்பு இருக்கிறது. இறக்கி, இயக்க அனுமதி கொடுத்தால் முடிந்தது. இன்னும் வெளியீட்டுக்கு வராத கேமரா ஆதரவு வேண்டும், ஒரு பிழைத் திருத்தத்தை உடனே சோதிக்க வேண்டும் என்பவர்கள் தொடர்ந்து படியுங்கள்.

முதல் பொறி, சோர்ஸ் வைக்கப்பட்டிருக்கும் கிட்ஹப் தளத்திலேயே இருக்கிறது. வெளியீட்டின் அடியில் 'சோர்ஸ் கோட்' என்று தானாக உருவாகும் ஜிப் கோப்பை எடுக்காதீர்கள். ரா கோப்பைப் படிக்கும் ராஸ்பீட் போன்ற சப்மாடியூல்கள் (தனியாக இணைக்கப்படும் துணை நிரல்கள்) அதில் இருக்காது, பதிப்பு எண்ணும் இருக்காது, கட்டுமானம் பாதியில் நிற்கும். குழு தன் கையால் வைக்கும் 'தார்.எக்ஸ்இசட்' கோப்பே சரி. சோர்ஸை நகலெடுக்கும் 'கிட்' கருவி வழியாக எடுப்பதானால் 'ரிகர்ஸ்-சப்மாடியூல்ஸ்' என்ற விருப்பத்தைச் சேர்த்தே குளோன் செய்ய வேண்டும். செல்போன் ஹாட்ஸ்பாட்டில் இறக்குபவர் கவனிக்க: கிட் குளோன் நடுவில் அறுந்தால் மறுபடி முதலிலிருந்துதான். தார் கோப்பை 'டபிள்யூகெட் ஹைஃபன் சி' கொடுத்து விட்ட இடத்திலிருந்து தொடரலாம்.

கட்டத் தேவையான துணை மென்பொருள்களான சார்பு லைப்ரரிகளுக்கு 'ஆப்ட் பில்ட்-டெப் டார்க்டேபிள்' ஒரே கட்டளை. 24.04-இல் 'உபுண்டு.சோர்ஸஸ்' கோப்பில் 'டைப்ஸ்' வரியில் 'டெப்' என்பதன் பக்கத்தில் 'டெப்-எஸ்ஆர்சி' சேர்த்து, ஒருமுறை 'ஆப்ட் அப்டேட்' கொடுத்த பிறகே அது வேலை செய்யும். ஆனால் அது கொண்டுவருவது பழைய பதிப்பின் பட்டியல். ஜேபெக் எக்ஸ்எல், ஏவிஐஎஃப் பட வடிவங்களுக்கானவை, கேமராவை வயரில் இணைத்து எடுக்க உதவும் ஜிஃபோட்டோ போன்றவை விருப்பச் சார்புகள் என்பதால், அவை இல்லாவிட்டாலும் கட்டுமானம் சத்தமில்லாமல் முடிந்துவிடும். பிறகு ஏற்றுமதிப் பட்டியலில் அந்த வடிவத்தைத் தேடுவீர்கள், இருக்காது. ஆகவே கட்டுமானத்தைத் தயார் செய்யும் கருவியான சிமேக் கடைசியில் அச்சிடும் சுருக்கத்தைப் பொறுமையாகப் படியுங்கள். விடுபட்டதன் 'டெவ்' (கட்டுவதற்கான) பேக்கேஜைப் போட்டுவிட்டு மறுபடி ஓட்டுங்கள்.

கட்டும் ஸ்கிரிப்ட் சோர்ஸிலேயே இருக்கிறது: 'பில்ட்.எஸ்ஹெச்'. நிறுவும் இடம் 'ஆப்ட்' ஃபோல்டருக்குள் (/opt; மேலே சொன்ன ஆப்ட் கட்டளை வேறு) டார்க்டேபிள், வகை 'ரிலீஸ்', கூடவே 'இன்ஸ்டால்', 'சூடோ'. இவ்வளவு கொடுத்தால் போதும். இங்கே அடிக்கடி தடுக்கி விழுவது ராம். எல்லாக் கோர்களும் ஒரே நேரத்தில் சி பிளஸ் பிளஸ் கோப்புகளைக் கம்பைல் செய்யும்போது, 8 ஜிபி ராமில் பிரவுசரும் திறந்திருந்தால் லினக்ஸின் மையப் பகுதியான கெர்னல், கம்பைலரைக் கொன்றுவிடும். திரையில் 'கில்டு' என்ற சொல்லும் 'சிசி1பிளஸ்' என்ற பெயரும் தெரிந்தால் சோர்ஸில் பிழை தேட வேண்டாம். 'ஜாப்ஸ் 2' என்று குறைத்து மறுபடி ஓட்டுங்கள்.

நம் ஊர் கத்திரி வெயிலையும் கணக்கில் சேர்க்க வேண்டும். வெளியே 40 டிகிரியைத் தாண்டும் மதியத்தில் லேப்டாப் சூடேறித் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும். விடியற்காலையில், அடியில் காற்று போக இடம் விட்டு ஓட்டுவது உத்தமம். டெஸ்க்டாப்பில் நடுவில் கரண்ட் போனாலும் பயமில்லை, மறுபடி கொடுத்தால் முடிந்த கோப்புகளை விட்டு மீதியை மட்டும் தொடரும். ஒருவேளை 'ஃபைல் ஃபார்மேட் நாட் ரெகக்னைஸ்டு' என்று வந்தால், கரண்ட் போன நொடியில் பாதி எழுதப்பட்ட ஆப்ஜெக்ட் கோப்பு ஒன்று கிடக்கிறது என்று பொருள். பில்ட் ஃபோல்டரை அழித்துவிட்டு முதலிலிருந்து கட்டுங்கள்.

22.04 வைத்திருப்பவருக்கு இன்னொரு தடை. அதன் இயல்பான கம்பைலர் ஜிசிசி 11, புதிய டார்க்டேபிள் கேட்பதோ 12. ஜிசிசி 12, ஜி பிளஸ் பிளஸ் 12 இரண்டையும் களஞ்சியத்திலிருந்தே போட்டு, 'சிசி', 'சிஎக்ஸ்எக்ஸ்' மாறிகளில் அவற்றைக் குறிப்பிடுங்கள். பழைய பில்ட் ஃபோல்டரை அழிக்க மறந்தால் சிமேக் முன்பு பிடித்த கம்பைலரையே பிடித்துக்கொண்டிருக்கும்.

எல்லாவற்றையும் விட முக்கியமானது, உங்கள் படப் பட்டியலும் திருத்தங்களும் இருக்கும் தரவுத்தளம். புதுப் பதிப்பை முதன்முறை திறக்கும்போது 'லைப்ரரி.டிபி'யைப் புது அமைப்புக்கு மாற்றட்டுமா என்று கேட்கும். ஆமென்று சொல்லிவிட்டால் பழைய பதிப்பில் அதைத் திறக்க முடியாது. மாற்றும் முன் ஒரு நகல் எடுத்து வைக்கிறது, உண்மைதான். அதற்குப் பிறகு செய்த வேலை அந்த நகலில் இருக்காதே! ஆடி முடிந்து முகூர்த்தங்கள் தொடங்கும் நேரத்தில் முப்பது ஆல்பங்களை இப்படிச் சிக்கவைக்கக் கூடாது. சோதனைப் பதிப்பை எப்போதும் 'கான்ஃபிக்டிர்' விருப்பத்தில் தனி ஃபோல்டர் கொடுத்தே திறவுங்கள். படங்களையும் நகலெடுத்தே திறவுங்கள், ஏனென்றால் படத்தின் பக்கத்தில் இருக்கும், திருத்தங்களைக் குறித்து வைக்கும் எக்ஸ்எம்பி கோப்பிலும் புதுப் பதிப்பு எழுதும்.

டெர்மினலில் வெறுமே 'டார்க்டேபிள்' என்று தட்டினால் திறப்பது பழையதுதான். புதியதற்கு 'ஆப்ட்' ஃபோல்டரிலிருந்து முழுப் பாதை கொடுங்கள். 'வெர்ஷன்' விருப்பம் எது எதுவென்று சொல்லிவிடும். கிராபிக்ஸ் கார்டு வேலை செய்கிறதா என்று அறிய 'டார்க்டேபிள்-சிஎல்டெஸ்ட்'. இன்டெல் சிப்பானால் 'இன்டெல்-ஓபன்சிஎல்-ஐசிடி' பேக்கேஜ் தேவை. வேகம் உண்மையில் கூடுவது கிராபிக்ஸ் கார்டு கணக்குகளைச் செய்யும்போதுதான்.

தரத்தைச் சோதிக்க, கோட்டையில் ஜலகண்டேஸ்வரர் கோயில் கல்யாண மண்டபத்துத் தூண்களை உள்ளிருந்து வெளிவெளிச்சத்தை நோக்கி எடுத்த ரா படம் ஒன்று போதும். நிழலிலிருக்கும் யாளியும் வெளியே எரியும் வானமும் ஒரே படத்தில் இருக்கும். வெளிச்சத்தைத் திரைக்கு ஏற்றபடி சீராக்கும் 'சிக்மாய்டு' மாடியூலில் வானத்தின் பிரகாசம் தாறுமாறாக வெட்டுப்படாமல் மெல்ல இறங்குவது கண்ணுக்குத் தெரியும். இதைப் பார்த்தபின் 3.8-க்குத் திரும்ப மனம் வராது, அதில் அந்த மாடியூலே இல்லை.

கட்டியதை ஸ்டுடியோவின் இன்னொரு பழைய கணினிக்கு நகலெடுத்தால் 'இல்லீகல் இன்ஸ்ட்ரக்ஷன்' என்று சொல்லி விழும். இயல்பாக அது கட்டிய சிப்புக்கென்றே கட்டப்படுகிறது. 'பைனரி பேக்கேஜ் பில்ட்' விருப்பத்தைச் சிமேக்குக்குக் கொடுத்துக் கட்டினால் அந்தச் சிக்கல் வராது. பிடிக்கவில்லையா, 'ஆப்ட்' ஃபோல்டருக்குள் இருக்கும் டார்க்டேபிளையும் அந்தத் தனி கான்ஃபிக் ஃபோல்டரையும் அழித்தால் போதும், பழைய நிறுவலை அது தொட்டிருக்காது.