சுங்கை சிப்புட் பக்கம் எங்கள் டவுன் கிளினிக்: மனசுக்கும் பார்க்கிறார்கள்

எங்கள் டவுன் அரசாங்க கிளினிக்கில் காய்ச்சல், இனிப்புநீர் மட்டும்தான் பார்ப்பார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். மனசுக்கும் பார்க்கிறார்கள். கட்டணம் அதே 1 வெள்ளிதான் (மலேசிய ரிங்கிட்). மனைவியைப் பறிகொடுத்த ஆண்கள் யாராவது படிக்கட்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

நான் செம்பனைத் தோட்டத்தில் லோரி ஓட்டுகிறேன். என் மனைவிக்கு வாரம் மூன்று நாள் டயாலிசிஸ். செவ்வாய், வியாழன், சனி விடியற்காலையில் அவளை வேனில் ஈப்போவுக்குக் கூட்டிப்போவேன். அவள் போனபோது எனக்கு அழுகை வரவில்லை. கருமாதிப் பந்தியில் நானே பரிமாறினேன். தைரியமான ஆளு என்றார்கள். தைரியமெல்லாம் இல்லை, உள்ளே எல்லாமே மரத்துக் கிடந்தது. பேத்தி முதன்முதலாக "தாத்தா" என்றபோதும் சும்மா பார்த்துக்கொண்டிருந்தேன். திருவிழாவுக்குப் போவதில்லை, போன் வந்தால் எடுப்பதில்லை. ஆனால் செவ்வாய்க்கிழமை வந்தால் நாலரைக்கே விழித்துவிடுவேன்.

கிளினிக்கில் மிஸ்ஸி (தாதி) ஒரு படிவம் கொடுத்தார். தூக்கம், பசி, எதிலும் நாட்டமில்லாமை, செத்துவிடலாம் என்ற எண்ணம் என்று கடந்த இரண்டு வாரத்தைப் பற்றி 9 கேள்விகள். அது மலாயில் மட்டும் இருந்தது. தமிழ்ப்பள்ளியோடு படிப்பை நிறுத்திய என் அண்ணன் மாதிரி ஆட்கள் தடுமாறிப்போவார்கள். தமிழிலும் வைத்தே ஆகவேண்டும்.

டாக்டரம்மா அவசரப்படவே இல்லை. அழுகை வராததால் துக்கம் இல்லை என்று ஆகாது, மரத்துப்போவதும் துக்கம்தான் என்றார். அது நாள்கடந்தும் விடாமல் ஆளை முடக்கிப்போட்டால் அதற்கென்று சிகிச்சை இருக்கிறதாம். அமெரிக்க மனநல மருத்துவர்களின் கையேட்டில் 2022-ல் அதைத் தனி நோயாகவே சேர்த்திருக்கிறார்கள். பெரியவர்களுக்கு, இறப்பு நடந்து ஓராண்டாவது ஆன பிறகும் அது விடாமல் இருந்தால்தான் அந்தக் கணக்கில் வரும். எடுத்த எடுப்பில் மாத்திரை தரவில்லை. "செவ்வாய்க்கிழமை விழிப்பு வந்தா வீட்லயே உட்காராதீங்க, யார்கூடயாவது போய் பசியாறுங்க" என்றார். இப்போது மச்சான் வீட்டுக்குப் போகிறேன். அப்புறம் அடுத்தடுத்து அப்பாய்ண்ட்மெண்ட் போட்டுப் பேசவைத்தார்.

முதலில் திரும்பி வந்தது கோபம்தான். தோட்டத்தில் ஒருவனிடம் கத்திவிட்டேன். அதைச் சொன்னபோது டாக்டரம்மா முகம் சுளிக்கவில்லை, உட்காரவைத்து முழுசாகக் கேட்டார். அந்த ஒரு காரணத்துக்காகவே நான் யாரையும் அங்கே அனுப்புவேன்.

காலையில் கூட்டம் அதிகம், மதியத்துக்கு மேல் போங்கள். அடையாள அட்டையை மறக்காதீர்கள். கிளினிக் வரை போக மனசு வராதவர்கள் சுகாதார அமைச்சின் மனநல உதவி எண் 15555-க்குக் கூப்பிடலாம். நடுராத்திரியில் தாங்கவில்லை என்றால் மனம்விட்டுப் பேச பிஃப்ரெண்டர்ஸ் என்ற உதவி அமைப்பு இருக்கிறது, எண் 03-7627 2929, 24 மணி நேரமும் ஆள் இருப்பார்கள்.