ஃபைவ் ஸ்டெயர்ஸ்டெப்ஸ் 1970 எல்.பி: கொழும்பில் வாங்கலாமா?

பொருள்: ஃபைவ் ஸ்டெயர்ஸ்டெப்ஸ் என்ற அமெரிக்கக் குடும்பப் பாட்டுக் குழுவின் 'ஸ்டெயர்ஸ்டெப்ஸ்', 12 அங்குல எல்.பி (33⅓ சுற்றுப் பெரிய தட்டு), 1970, அமெரிக்க அச்சு, பழையது.

'ஊ சைல்ட்' என்ற ஒரே பாட்டுக்காக இந்த எல்.பியைத் தேடி அலைய வேண்டாம். அந்தப் பாட்டு 45 சுற்றுச் சின்னத் தட்டில் இருக்கிறது, அதில் சத்தமும் இன்னும் திடம். ஒரு பக்கத்துக்கு ஒரே பாட்டு என்பதால் வரியை அகலமாக வெட்ட இடம் உண்டு, சுற்றும் வேகமும் கூட. எல்.பியை வாங்க வேண்டியவர்கள் அதைப் பாடிய குடும்பத்தின் குரல்கள் ஒன்றோடொன்று எப்படிப் பொருந்துகின்றன என்று கேட்க விரும்புபவர்கள்.

குடும்பம் என்றால் நிஜமாகவே குடும்பம். சிக்காகோவில் ஒரே வீட்டுப் பிள்ளைகள் ஐவர்: அலோஹி, கிளாரன்ஸ் ஜூனியர், ஜேம்ஸ், டெனிஸ், கெனி. தகப்பன் பொலிஸ் துப்பறிவாளர், பேஸ் கிட்டாரும் வாசிப்பார். உயர வரிசையில் நிற்க வைத்தால் படிக்கட்டு மாதிரி இருக்கிறார்கள் என்று தாய் வைத்த பெயர்தான் ஸ்டெயர்ஸ்டெப்ஸ். பிறகு மழலை மாறாத தம்பி கியூபியையும் மேடையேற்றினார்கள். ரீகல் தியேட்டர் போட்டியில் வென்று, இம்ப்ரெஷன்ஸ் குழுவின் ஃப்ரெட் காஷ் மூலம் பாடகர் கேர்ட்டிஸ் மேஃபீல்டிடம் போய்ச் சேர்ந்தார்கள். 1966இல் அவருடைய வின்டி சி லேபிளில் வந்த 'யூ வெயிட்டட் டூ லோங்' ஆர் அன்ட் பி என்ற கறுப்பின இசைப் பட்டியலில் 16ஆம் இடம் பிடித்தது. அதாவது, 'ஒரே ஹிட் குழு' என்பது பொப் பட்டியலை மட்டும் பார்த்துக் குத்திய முத்திரை. கறுப்பின வானொலிகளில் 'ஊ சைல்ட்' வருவதற்கு நான்கு வருடம் முன்பே இவர்கள் தெரிந்த முகங்கள்.

'ஊ சைல்ட்' ஸ்டான் வின்சென்ட் எழுதித் தயாரித்தது. முதலில், பீட்டில்ஸின் 'டியர் ப்ரூடன்ஸ்' பாட்டை இவர்கள் பாடிய தட்டின் மறுபக்கமாகத்தான் வெளியிட்டார்கள். மறுபக்கம் வென்றது: 1970 கோடையில் அமெரிக்கப் பொப் பட்டியலான பில்போட் ஹொட் 100இல் 8ஆம் இடம், ஆர் அன்ட் பியில் 14. பொப் பட்டியலில் இரண்டாவது பெரிய ஹிட் ஏன் வரவில்லை என்பதற்கு அதே ஆண்டின் பட்டியலைப் பார்த்தாலே போதும். சிக்காகோவுக்குப் பக்கத்து ஊரான கேரியிலிருந்து வந்த ஜாக்ஸன் 5 அந்த ஒரே வருடத்தில் நான்கு பாட்டுகளை முதலிடத்தில் வைத்தது. 'சோல்' என்ற கறுப்பின இசையின் 'முதல் குடும்பம்' என்ற பட்டம் ஸ்டெயர்ஸ்டெப்ஸிடம்தான் இருந்தது, வீட்டுக்கு வீடு போய்ச் சேர்ந்தது மற்றக் குடும்பம்.

எல்.பியில் 'டியர் ப்ரூடன்ஸ்' கேட்கலாம், குரல் அடுக்கு மூலப் பாட்டை விடத் தடிப்பு. 'கெட்டிங் பெட்டர்' இடத்தை அடைக்கிறது, அவ்வளவே. 'ஊ சைல்ட்' பாட்டின் அழகு, ஒருவர் விட்ட இடத்தில் மற்றவர் எடுப்பதும், பாட்டு ஒவ்வொரு படியாக மேலேறும்போது ட்ரம்ஸ் குரல்களுக்கு நடுவே உருண்டு வருவதும். 1971இல் நீனா சிமோன் பாடிய வடிவத்தில் இந்தப் பங்குபோடல் இல்லை. 2014இல் 'கார்டியன்ஸ் ஒஃப் த கலக்ஸி' படத்தில் கேட்டுவிட்டு வருபவர்கள் தேட வேண்டியதும் இந்த மூல ஒலிப்பதிவைத்தான்.

தட்டைக் கையில் எடுத்தால் முதலில் லேபிளைப் பாருங்கள். வெளியிட்டது புத்தா என்ற நியூயோர்க் நிறுவனம், ஆங்கிலத்தில் எழுத்துப் பிழையோடு பெயர் வைத்தவர்கள். 'எச்' எழுத்து கடைசியில் நின்றால் (Buddah) பழைய காலத்து அச்சாக இருக்கலாம். 'டி'க்குப் பிறகு 'எச்' வந்து எழுத்துக்கூட்டு சரியாக இருந்தால் (Buddha), அது 1990களின் இறுதியில் நிறுவனம் மறுபடி எழுந்த பிறகு வந்தது. மறுபதிப்பு மோசம் என்றில்லை. ஆனால் '1970 ஒரிஜினல்' என்ற விலையைக் கொடுக்காதீர்கள்.

அடுத்து, தட்டை மின்குமிழுக்கு நேரே சரித்துப் பிடியுங்கள். நகம் தட்டுப்படாத மயிர்க்கீறல் பரவாயில்லை. நகம் தட்டுப்பட்டால் ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு 'டக்'. வரிகள் கறுப்பாக மினுங்காமல் சாம்பல் பூத்திருந்தால், பாரமான முள்ளில் ஓடித் தேய்ந்தது. எந்தக் கழுவலும் மீட்காது. 45 தட்டில் கூடுதல் கவனம் தேவை. அமெரிக்க 45களில் ஒரு பகுதி வினைல் அல்ல, ஸ்டைரீன். விறைப்பாக இருக்கும், லேபிள் ஒட்டியது போல் தெரியும், சீக்கிரம் தேயும். நடுத்துளையும் 38 மில்லிமீட்டர். நம் ஊரில் புழங்கும் இந்திய, பிரித்தானியத் தட்டுகளின் சின்னத் துளைக்குப் பழகிய பிளேயரில் அடப்டர் இல்லாமல் நிற்காது. கடதாசியை உருட்டி அடைத்தால் மையம் விலகி, குரல் தூளி ஆடும்.

இனி கொழும்பில் அதிகம் பேர் சறுக்கும் இடம். அமெரிக்காவிலிருந்து உறவினர் பிளேயரும் கொண்டுவந்து கொடுத்திருப்பார். புறக்கோட்டை முதலாம் குறுக்குத் தெருவில் 230 வோல்ட்டை 110 ஆக்கும் ட்ரான்ஸ்போமர் வாங்கி மாட்டிவிட்டு, பாட்டு ஏன் இப்படி இழுக்கிறது என்று தட்டைக் குறை சொல்வார்கள். ட்ரான்ஸ்போமர் வோல்ட்டை மட்டுமே மாற்றும். அங்கே மின்சாரம் 60 ஹேர்ட்ஸ், இங்கே 50. பழைய ஏ.சி. மோட்டர்கள் அந்த ஹேர்ட்ஸை வைத்தே வேகத்தை எடுப்பவை. ஆகவே ஆறில் ஒரு பங்கு வேகம் குறையும். 33⅓ சுற்று 28க்குக் கீழே போகும், சுருதி மூன்று அரைக்கட்டை இறங்கும், மூன்றே கால் நிமிடப் பாட்டு நான்கை நெருங்கும். பிள்ளைகள் பாடிய பாட்டைப் பெரியப்பாக்கள் பாடுவது போலிருக்கும்.

சோதிப்பது சுலபம். தட்டின் ஓரத்தில் சின்னக் கடதாசித் துண்டை வைத்து ஒரு நிமிடம் எண்ணுங்கள். 33ஐத் தாண்டினால் சரி. 27, 28இல் நின்றால் மோட்டர் கப்பியை மாற்ற வேண்டும். 50 ஹேர்ட்ஸுக்கான கப்பியின் விட்டம் 60 ஹேர்ட்ஸ் கப்பியை விட 1.2 மடங்கு. லேத் பட்டறையில் கடைந்து எடுக்கலாம், ஆனால் மையம் மயிரளவு பிசகினாலும் ஆட்டம் கேட்கும். டி.சி. மோட்டர் உள்ள பிளேயருக்கும், பட்டியில்லாமல் மோட்டரே தட்டைச் சுற்றும் குவார்ட்ஸ் கட்டுப்பாட்டு டைரக்ட் டிரைவுக்கும் இந்தத் தொல்லை இல்லை. வோல்ட் பொருந்தினால் போதும்.

சத்தம் மெலிந்து பேஸ் இல்லாமல் வந்தால், பிளேயரை அம்ப்ளிஃபயரின் ஓக்ஸ் துளையில் சொருகியிருக்கிறீர்கள். முள்ளைத் தாங்கும் மக்னெட் காட்ரிட்ஜ் தருவது நான்கைந்து மில்லிவோல்ட். அதைப் பெருக்க அம்ப்ளிஃபயரில் ஃபோனோ துளையோ தனி ப்ரீ அம்ப்போ வேண்டும். முள்ளின் பாரம் காட்ரிட்ஜில் குறித்தபடி, பெரும்பாலும் 1.5 முதல் 3 கிராம். வெள்ளவத்தையில் கடற்கரைப் பக்கம் குடியிருந்தால் காட்ரிட்ஜ் பின்களையும் சொருகிகளையும் அடிக்கடி பாருங்கள். உப்புக்காற்றில் பச்சை பிடித்து ஒரு பக்கச் சத்தம் போய்விடும்.

இங்கே விற்கும் தட்டுகளில் கீறலை விடப் பூஞ்சணமே அதிகம்: வெள்ளைப் புள்ளிகள், 'சர்' என்ற இரைச்சல். காய்ச்சி வடித்த நீர் ஒரு லீற்றருக்குப் பாத்திரம் கழுவும் திரவம் இரண்டு மூன்று துளி. நீர் பெற்றோல் செட்டில் பற்றறிக்கென்று விற்பதுதான். பக்கத்திலேயே பற்றறி அமிலமும் இருக்கும், போத்தலைப் படித்து வாங்குங்கள். மென்மையான துணியை நனைத்து வரி ஓடும் திசையிலேயே துடைக்க வேண்டும், குறுக்கே அல்ல. வெறும் நீரால் இரண்டு தரம் அலசி, நிழலில் நிறுத்தி உலர்த்துங்கள். லேபிள் நனையக் கூடாது. இதே சுத்திகரிப்பில் ஸ்பிரிட் சேர்க்கிறவர்கள் உண்டு. வீட்டிலுள்ள பழைய 78 சுற்றுத் தட்டுகளுக்கு அந்தக் கலவையைக் கொண்டுபோகாதீர்கள், அவை அரக்கில் செய்தவை, அரக்கு ஸ்பிரிட்டில் கரையும். ஸ்டைரீன் 45க்கும் ஸ்பிரிட் வேண்டாம்.

கழுவிய தட்டைப் பழைய கடதாசி உறையில் திரும்ப வைத்தால் பூஞ்சணமும் திரும்பி வரும். உள் உறை புதிதாக வேண்டும். அட்டை உறையை வெயிலில் அல்ல, மின்விசிறிக் காற்றில் ஒரு நாள் காயவிடுங்கள்.

இந்தக் குழுவில் மனம் ஒட்டிவிட்டால் அடுத்ததாக 1976இல் ஜோர்ஜ் ஹாரிஸனின் டார்க் ஹோர்ஸ் லேபிளில் வந்த 'செக்கன்ட் ரெஸரெக்ஷன்'. ஃபங்க் வாடை கூட, பாட்டுகள் நெஞ்சில் நிற்பது குறைவு. பேஸ் பிரியர்கள் அதைத் தாண்டி, ஐவரில் ஒருவரான கெனி (பேர்க்) 1982இல் தனியாகச் செய்த 'சேஞ்ஜஸ்' எல்.பிக்குப் போகலாம். அதிலுள்ள 'ரைஸின் டு த டொப்' பாட்டின் பேஸ் வரியைப் பின்னால் வந்த ஹிப் ஹொப்காரர்கள் திரும்பத் திரும்ப எடுத்தாண்டார்கள். கொழும்பில் கண்ணில் பட்டால் பேரம் பேசிக்கொண்டு நிற்க வேண்டாம்.