ஒட்டோயாவா, செல்கிர்க்கியாவா?

இரண்டும் புழுக்கள். கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா மலைகளில் உள்ள பர்ஜஸ் களிப்பாறையில் புதைபடிவங்களாகக் கிடைத்தவை, சுமார் 50.8 கோடி ஆண்டுகளுக்கு முன் கடலடிச் சேற்றில் அக்கம்பக்கமாக வாழ்ந்தவை. இரண்டுக்கும் பெயர் வைத்தவர் அமெரிக்கத் தொல்லுயிரியலாளர் சார்லஸ் வால்காட், ஆண்டும் ஒன்றே: 1911. உள்ளிழுத்து வெளித்தள்ளக்கூடிய முள்ளடர்ந்த துதிக்கையும் இரண்டுக்கும் உண்டு. இன்றுள்ள பிரியாபுலிட் என்ற கடற்புழுக்கள் இவற்றின் உறவுக்காரர்கள்.

ஆனால் பெயரும் புகழும் ஒட்டோயாவுக்குத்தான். 1,500-க்கு மேற்பட்ட மாதிரிகள் கிடைத்திருப்பது ஒரு காரணம். பெரிய காரணம் அதன் வயிறு! கடைசியாக விழுங்கியது செரிக்காமல் குடலிலேயே கல்லாகிவிட்டது: ஹையோலித்துகள் என்ற அழிந்துபோன கடலுயிரிகளின் கூம்பு ஓடுகள், இரட்டை ஓடுள்ள பிராக்கியோபாடுகள், அழிந்துபோன கணுக்காலிகளான டிரைலோபைட்டுகளின் துண்டுகள். ஒரு குடலுக்குள் இன்னொரு ஒட்டோயாவே இருந்ததாகச் சொல்லப்பட்டதும், தன்னினம் தின்னி என்ற பட்டமும் ஒட்டிக்கொண்டது. அரிதான சாட்சியத்தை வைத்து இனத்துக்கே பட்டம் கட்டுவது கொஞ்சம் அதிகம்தான். பற்களும் கைகொடுக்கின்றன. 2015-இல் வெளியான ஆய்வு, பல்லின் வடிவத்தைக் கொண்டே பர்ஜஸ் ஒட்டோயாக்களை இரண்டு இனங்களாகப் பிரித்தது. உடல் அழிந்து நுண்ணிய பல் மட்டும் மிஞ்சினாலும் ஆளை அடையாளம் காணலாம் என்றாயிற்று.

செல்கிர்க்கியாவிடம் இந்தச் சாப்பாட்டுக் கதை இல்லை. இருப்பது ஒரு குழாய். புழு தானே சுரந்து கட்டியது. குறுக்கு வரிகளோடு வால்பக்கம் குறுகிச் செல்லும். துதிக்கை மட்டும் வெளியே எட்டிப்பார்க்கும். கிடைத்த மாதிரிகளில் பெரும்பாலானவை வெறும் குழாய்களே, உள்ளே புழு இல்லை. இதனால்தான் பலர் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். எனக்கு அந்த வெற்றுக் குழாய்கள்தான் சுவாரசியம். சொந்தக்காரர் செத்தபின் அவற்றின்மேல் வேறு உயிரிகள் ஒட்டிக்கொண்டு வாழ்ந்த தடயம் உண்டு. ஒட்டோயா அக்கம்பக்கத்தாரை விழுங்கியது, இது அவர்களுக்கு இடம் கொடுத்தது.

ஒன்றைத்தான் பார்க்க முடியும் என்றால், முதல் பார்வைக்கு ஒட்டோயாதான். நீளத்தில் 15 செ.மீ. வரை போகும், வளைந்து கிடக்கும், கொக்கிகள் கண்ணுக்கே தெரியும். ஆனாலும் என் ஓட்டு செல்கிர்க்கியாவுக்கு. இவை வாழ்ந்த கேம்பிரியன் காலத்தோடு முடிந்துபோன வம்சம் என்று நினைத்திருந்தார்கள். 2024-இல் மொராக்கோவின் ஃபெசூவாட்டா பாறைகளில், சுமார் 48 கோடி ஆண்டுப் பழமையான செல்கிர்க்கியா ஒன்றை விவரித்தார்கள். கேம்பிரியனுக்கு அடுத்து வந்த ஆர்டோவிசியன் காலம் அது. அந்தப் புதிய இனத்துக்கு வைத்த பெயர் ட்செரிங். திபெத்திய மொழியில் நீண்ட ஆயுள்.