சொந்தப் படத்தை நாமே எடிட் செய்வதா, எடிட்டரிடம் கொடுப்பதா?

எழுதி இயக்கியவரே எடிட்டிங்கிலும் உட்கார்ந்தால் செலவு குறையும் என்பார்கள். அதைவிடப் பெரிய ஆதாயம் வேகம். காட்சி நிற்கவில்லையா, வசனத்தை மாற்றி எழுதி, முகம் தெரியாத ஷாட்டின் மேல் புது டப்பிங்கைப் போட்டு அன்றைக்கே பார்த்துவிடலாம். ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசவா படப்பிடிப்பு நடக்கும்போதே எடிட் செய்துகொண்டு வந்தார். அப்படிச் செய்தால் விடுபட்ட ஷாட் எது என்பது செட்டைக் கலைக்குமுன்பே தெரிந்துவிடும்.

சிக்கல், இயக்குநருக்கு எல்லாம் நினைவில் இருப்பதுதான். ஆறு மணி நேரம் வெளிச்சத்துக்குக் காத்திருந்து எடுத்த ஷாட்டை வெட்ட அவருக்குக் கை வராது. எடிட்டருக்கோ அந்தக் காத்திருப்பு தெரியாது. திரையில் இருப்பதை மட்டும் பார்ப்பார். கதை முழுக்கத் தெரிந்த இயக்குநருக்கு, ஒரு தகவல் படத்தில் வரவே இல்லை என்பதும் உறைக்காது.

90 நிமிடப் படத்தை 10:1 விகிதத்தில், அதாவது படத்தின் நீளத்தைப்போல் பத்து மடங்கு எடுத்தால், ரஷ்ஷஸ் (எடுத்த மொத்தப் பதிவு) 15 மணி நேரம். ஒருமுறை நிறுத்தாமல் பார்க்கவே இரண்டு வேலைநாள் ஆகும். "நான் எடுத்ததுதானே" என்று இயக்குநர் தாண்டிப்போகும் இடமும் இதுதான். ஓகே ஆகாத டேக்கில் கிடக்கும் நல்ல ரியாக்‌ஷன் ஷாட்கள் அப்படித்தான் தொலைகின்றன.

எடிட்டரிடம் கொடுத்தால் வேறு ஆபத்துகள். கன்டினியூட்டி குறிப்பு (எந்த டேக்கில் என்ன இருக்கிறது என்ற பதிவு) இல்லாமல் ஹார்டு டிஸ்க்கை மட்டும் நீட்டினால் முதல் வாரம் டேக் தேடுவதிலேயே போய்விடும். எத்தனை சுற்றுத் திருத்தம், புராஜெக்ட் ஃபைல் யாரிடம் இருக்கும், கடைசி முடிவு யாருடையது என்பதை முன்கூட்டியே எழுதிக்கொள்ளுங்கள். நட்பு முறியும் இடங்கள் இவை.

15 நிமிடக் குறும்படம் வரை நீங்களே செய்யலாம். முழுநீளப் படத்துக்கு எடிட்டர் வேண்டும். முதல் கோர்வையை நீங்கள் பக்கத்தில் இல்லாமல் அவரே தனியாக முடிக்கட்டும். கையில் காசே இல்லையென்றால், ரஃப் கட்டை (முதல் கோர்வையை) முடித்து இரண்டு வாரம் தொடாமல் வையுங்கள். பிறகு திரைக்கதை படிக்காத ஐந்து பேருக்குக் காட்டி, பிடித்ததா என்று கேட்காமல், எங்கே குழம்பினார்கள் என்று மட்டும் கேளுங்கள்.

தனியாகச் செய்பவருக்கு ஃப்ரேம் ரேட்டை, அதாவது விநாடிக்கு எத்தனை ஃப்ரேம் என்பதைச் சரிபார்க்க ஆள் இல்லை. 23.976-ல் எடிட் செய்த படத்தைச் சவுண்டுப் பக்கம் 24 என்று எடுத்துக்கொண்டால் ஒரு மணி நேரத்தில் படமும் ஒலியும் 3.6 விநாடி விலகிவிடும். பிக்சர் லாக் ஆனதும் (இனி வெட்டு மாறாது என்று முடிவானதும்) முதல் பத்து நிமிடத்தை மட்டும் அனுப்பி, உதடும் ஒலியும் ஒட்டுகிறதா என்று பார்த்துவிட்டு மீதியை அனுப்புங்கள்.